பயம் வாபஸ்

பூங்கொடி டாக்கீஸில் பேய்ப் படம் தவிர வேறு படம் ஓட்டுவதில்லை என்று அதன் முதலாளி குற்றாலிங்கம் அண்ணாச்சி முடிவெடுத்ததற்குக் காரணம் பேய் மேல் உள்ள பிரியம் இல்லை. பெரிய நடிகர்களின் படங்களெல்லாம் திருநெல்வேலியில் ஓடித் தேய்ந்து, திரையில் அடைமழை பெய்வதுபோல் கோடு விழுந்த பிறகுதான் முத்தாலங்குளத்துக்கு வந்து சேரும், ஆனால் யாரோ நாலு பேர் ஒரு பழைய பங்களாவைப் பிடித்து எட்டு நாளில் எடுத்து முடித்த பேய்ப் படம் என்றால் சுடச்சுட வந்துவிடும். அந்தப் படங்களில் பேய் வருவதற்கு முன்னால் பேயின் ரப்பர் செருப்புச் சத்தம் வரும், ரத்தம் ரோஸ்மில்க் நிறத்தில் ஓடும், செத்துக் கிடப்பவருக்குக் கொட்டாவி வரும். ஆகவே படம் செய்யத் தவறியதைக் கொட்டகை செய்தாக வேண்டும் என்று தீர்மானித்து, அண்ணாச்சி வாசலில் ஒரு சவப்பெட்டியை நிமிர்த்தி வைத்தார், மேட்டடார் வேன் ஒன்றுக்குச் சைரன் மாட்டி ஆம்புலன்ஸ் என்று எழுதி நிறுத்தினார், கர்ப்பிணிகளும் இதய நோயாளிகளும் உள்ளே வந்தால் நிர்வாகம் பொறுப்பல்ல என்று பலகை தொங்கவிட்டார்; அந்தப் பலகையைப் பார்த்த பிறகு ஊரிலுள்ள கர்ப்பிணிகள் அத்தனை பேரும் வீம்புக்கென்றே டிக்கெட் எடுத்து உள்ளே வந்தார்கள்.

இந்த வித்தைகளுக்கெல்லாம் கையும் காலும் செண்பகவடிவுதான். பெண்கள் பக்கத்து வாசலில் டிக்கெட் கிழிக்கத்தான் அவளைச் சேர்த்தார்கள். ஆறு வருஷத்தில் அவள் வெள்ளைச் சேலையும் வெள்ளை ரவிக்கையுமாக நர்ஸ் வேஷம் கட்டி, குளுக்கோஸ் பாட்டிலைக் கம்பியில் தொங்கவிட்டு வாசலில் நிற்பவளாகவும், மணி அடித்து விளக்கு அணைந்ததும் சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு கூரைக்கு அடியிலுள்ள பலகைத் தட்டில் ஏறி, ரப்பர் வௌவாலைக் கயிற்றில் பறக்கவிடுபவளாகவும், ஈரக் கம்பளி நூலைப் பிடரியில் படும்படி இறக்குபவளாகவும், வேப்பங்குலையால் ஐஸ் தண்ணீர் தெளிப்பவளாகவும் ஆகிவிட்டாள். கதாநாயகி கதவைத் திறக்கும்போது வௌவாலை விட்டால் வீண், திறந்து பார்த்து உள்ளே ஒன்றுமில்லை என்று பெருமூச்சு விடுவாளே, அப்போது விட வேண்டும் என்று அண்ணாச்சிக்கே பாடம் சொன்னவள் அவள். தொழிலில் அவளுக்குக் கர்வம் உண்டு. இருக்கட்டுமே, அது இல்லாதவர்கள்தான் எதையும் அரைகுறையாகச் செய்கிறார்கள்.

அவள் புருஷன் ஆவுடையப்பன் கரண்ட் ஆபீஸில் லைன்மேன். ஊரிலேயே பெரிய பயந்தாங்கொள்ளி என்று பேர் எடுத்தவர்; இடிக்குப் பயம், நாய்க்குப் பயம், பல் டாக்டருக்குப் பயம், கல்யாண வீட்டில் யாராவது மைக்கைக் கையில் கொடுத்துவிடுவார்களோ என்று பயம். இருபது வருஷமாகக் கம்பம் ஏறுகிறார், ஏறும்போதெல்லாம் முழங்கால் நடுங்கும், கூட வேலை பார்ப்பவர்கள் தொடைநடுங்கி அண்ணாச்சி என்று கேலி செய்வார்கள். ஆனால் அப்படிக் கேலி செய்தவர்களில் ஒருவருக்கு இரண்டு விரல் இல்லை, இன்னொருவருக்குப் பாதி முகம் வெந்துபோயிருந்தது, ஆவுடையப்பனுக்கு மட்டும் எல்லாம் வைத்த இடத்தில் இருந்தன. மனைவிக்குச் சோறு கொண்டுவந்தால் கொட்டகைக்குள் வராமல் சைக்கிள் ஸ்டாண்டிலேயே தூக்குச்சட்டியை வைத்துவிட்டுத் திரும்பிப் பார்க்காமல் போய்விடுவார். பேய்ப் படப் பயம் என்று அவள் நினைத்துச் சிரிப்பாள்.

அந்த வருஷம் வைகாசியில் 'எலும்புக்கூடு எஸ்டேட்' என்று ஒரு படம் வந்தது. அண்ணாச்சி அதைத் தனியாக உட்கார்ந்து போட்டுப் பார்த்தார், அதில் பேய் கைக்கடிகாரம் கட்டிக்கொண்டு வந்து நேரம் பார்த்தது. சவப்பெட்டியும் வௌவாலும் இதற்குப் போதாது, பெரிதாக ஏதாவது அறிவித்தால்தான் கூட்டம் வரும் என்று அவருக்குப் புரிந்துவிட்டது. 'படம் பார்த்துப் பயம் வராதவர்களுக்குப் பணம் வாபஸ்!' என்று தன் கைப்பட எழுதி அச்சகத்துக்குக் கொடுத்தனுப்பினார்.

வைகாசி முகூர்த்த மாதம். அச்சகத்தில் எழுத்துக் கோர்க்கும் சங்கரபாகம் ஒரே நேரத்தில் ஏழு கல்யாணப் பத்திரிகைகளைக் கோர்த்துக் கட்டி வைத்திருந்தார். மணமகன், மணமகள், திருமணம், கல்யாணம் என்று பெட்டியிலிருந்த 'ண' அத்தனையும் அந்தப் பத்திரிகைகளுக்குள் போய் மாட்டிக்கொண்டது. அண்ணாச்சியின் நோட்டீஸுக்கு ஒரே ஒரு 'ண' வேண்டியிருந்தது, அதுவும் இல்லை. சாப்பிட்டுவிட்டு வந்து மாற்றிக்கொள்வோம் என்று அந்த இடத்தில் கைக்குக் கிடைத்த ஒரு 'ய'வைச் சொருகிவிட்டுப் போனவர், வந்து மறந்துவிட்டார். 'படம் பார்த்துப் பயம் வராதவர்களுக்குப் பயம் வாபஸ்!' என்று இரண்டாயிரம் நோட்டீஸ் அச்சாகி, டீக்கடை, சலூன், பஸ் ஸ்டாண்டு என்று ஊர் முழுக்க ஒட்டியாகிவிட்டது. பழக்க தோஷத்தில் எல்லோரும் அதைப் பணம் என்றே வாசித்தார்கள்.

வெள்ளிக்கிழமை மேட்னிக்குக் கூட்டம் நிரம்பி வழிந்தது. ஒருவரும் பயப்படவில்லை, பேய் மணி பார்த்தபோது விழுந்து விழுந்து சிரித்தார்கள். ஆனால் படம் விட்டதும் பணத்தைத் திருப்பிக் கேட்க ஓர் ஆள்கூட வரவில்லை. எல்லோரும் முதுகை நிமிர்த்திக்கொண்டு, அவசரமில்லாமல், வெயிலில் கண்ணைக்கூட இடுக்காமல் நடந்து போனார்கள். வடிவு துடைப்பத்தை எடுத்துக்கொண்டு உள்ளே போய்ப் பெஞ்சுக்கு அடியில் பெருக்கினால், கடலைத்தோலோடும் பீடித் துண்டோடும் கூடவே சாம்பல் நிறத்தில் ஏதோ வந்தது, ஈரத் துண்டை முறுக்கிப் போட்டதுபோல, கையில் எடுத்தால் சில்லென்று நடுங்கியது. ஒன்றை எடுத்துத் தோளில் போட்டுப் பார்த்தாள். மேலே இருந்து பல்லி விழப்போகிறது என்று உடம்பெல்லாம் கூசியது. அவளுக்குப் பிறந்ததிலிருந்து பல்லிக்குப் பயம் கிடையாது.

"அண்ணாச்சி, பெஞ்சுக்கு அடியில பயம் கெடக்கு," என்று போய்ச் சொன்னாள்.

"எம்புட்டு?"

"ஆளுக்கு ஒண்ணு கணக்கா இருக்கும் போல."

"கூட்டிக் கோணியில கட்டி ஸ்க்ரீனுக்குப் பின்னால போடு. தொலைச்சுட்டேன்னு யாராவது வந்தா குடுப்போம்," என்றார் அண்ணாச்சி, குடையை மறந்துவிட்டுப் போகிறவர்களுக்குச் சொல்கிற அதே குரலில்.

மூன்றாம் நாள் ஓய்வு பெற்ற தலைமையாசிரியர் ஒருவர் நோட்டீஸில் எழுத்துப் பிழையைக் கண்டுபிடித்து, சிவப்பு மையால் வட்டம் போட்டு எடுத்து வந்தார். அண்ணாச்சி அதைக் கண்ணாடி போட்டுக்கொண்டு இரண்டு தரம் வாசித்தார். "அடிச்சது தப்புன்னாலும், அடிச்ச மாதிரி நடந்திருக்குல்லா? கொட்டகைக்கு வாக்கு முக்கியம் சார்," என்று சொல்லி அவருக்குக் காபி வாங்கிக் கொடுத்து அனுப்பினார்.

ஊர் இதை எடுத்துக்கொண்ட விதம்தான் பார்க்க வேண்டியது. தாலுகா ஆபீஸ் எழுத்தர் ஒருவர் மேலதிகாரியின் முன்னால் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்து பதினேழு வருஷத்து விஷயங்களை மத்தியானம் வரைக்கும் பேசினார், மேலத்தெருவில் ஒரு பெண் தன்னைப் பார்க்க வந்தவர்களுக்குத் தானே காபியைக் கொடுத்து, நல்லா குடிச்சிட்டுப் போங்க, எனக்கு இஷ்டமில்லை என்று சிரித்த முகத்தோடு சொன்னாள், கணக்கு வாத்தியாரின் பிரம்பைப் பிள்ளைகள் வாங்கிப் பார்த்து எந்தக் கடையில் எடுத்தது என்று விசாரித்தார்கள், ஊசி போடும் இடத்தில் வரிசை நீண்டது, ஜோசியர் வாசலில் வரிசை காணாமல் போனது, நாய்கள் குரைத்துப் பார்த்துவிட்டு ஒருவரும் ஓடாததால் வெறுத்துப்போய் நிழலில் படுத்துக்கொண்டன. ஊர் எல்லையில் அரிவாளோடு நிற்கும் சாமிக்குப் பூசை வைப்பவர் மட்டும், "கும்பிடத்தான் செய்யுதாவ, ஆனா கூட்டாளியக் கும்பிடுத மாதிரில்லா கும்பிடுதாவ" என்று வருத்தப்பட்டார். பக்கத்து ஊர்களிலிருந்து ஜனங்கள் பஸ் பிடித்து வந்து பயத்தை விட்டுவிட்டுப் போனார்கள்.

இரண்டாவது வாரத்தில் வேறு மாதிரியான சங்கதிகள் வரத் தொடங்கின. மிட்டாய்க் கடைக்காரர் கொதிக்கிற எண்ணெயில் விழுந்த கரண்டியைக் கையை விட்டு எடுத்தார், ஒருவர் வைக்கோல் போரில் கிடந்த நல்லபாம்பை நகர்ந்து படு என்று தட்டினார், கைப்பிடிச் சுவரில்லாத கிணற்றடியில் குழந்தையை உட்காரவைத்துவிட்டு ஒரு தாய் சினிமாக் கதை பேசிக்கொண்டிருந்தாள், நல்லவேளை அந்தக் குழந்தை படம் பார்க்காததால் தானாகவே நகர்ந்து வந்துவிட்டது. அதன் பிறகு ஊருக்கு ஓர் ஒழுங்கு பிடிபட்டது. வீட்டுக்கு ஒருவராவது பயந்தவர் இருந்தாக வேண்டும் என்று பேசி முடிவு செய்து, கொட்டகைக்கு வந்து கோணியிலிருந்து ஒரு பயத்தைக் கேட்டு வாங்கிப் போனார்கள். திங்கட்கிழமை அம்மா, செவ்வாய்க்கிழமை மூத்தவன் என்று முறை வைத்துப் போட்டுக்கொண்டார்கள். தூரப் பயணம் போகிறவர்கள் பக்கத்து வீட்டில் காப்பித்தூள் கேட்பதுபோல ஒரு பயம் கேட்டு வாங்கிப் போய்த் திருப்பிக் கொடுத்தார்கள். தோளில் போட்டுப் பத்து நிமிஷத்துக்குள் எடுத்துவிட்டால் வந்துவிடும், விட்டால் உள்ளே இறங்கிப் போட்டவருக்கே சொந்தமாகிவிடும் என்பது தெரிந்ததும், பத்து நிமிஷத்துக்கு ஒரு தரம் கழற்றி உதறிப் போட்டுக்கொள்ளப் பழகினார்கள். பெஞ்சு டிக்கெட்டில் இட எண் கிடையாது, ஆகவே எது யாருடையது என்று யாருக்கும் தெரியாது. தலைமையாசிரியர் தன்னுடையது என்று நம்பி எடுத்துப் போனது உள்ளே இறங்கிய பிறகு பார்த்தால் பல்லிப் பயமாக இருந்தது, அதற்கப்புறம் அவர் வீட்டுக்குள்ளும் குடை பிடித்துக்கொண்டு உட்கார்ந்தார்.

ஆவுடையப்பன் படத்துக்கு வந்தது நாலாம் நாள். ஆபீஸ்காரர்கள் இரண்டு பேர் ஆளுக்கு ஒரு கையைப் பிடித்து இழுத்து வந்து முன் பெஞ்சில் உட்காரவைத்தார்கள். தட்டுக்கு மேலிருந்த வடிவுக்கு அவர் வந்தது தெரியாது. அவள் வௌவாலை விட்டாள், வௌவால் நேராகப் போய் அவர் தலைக்கு மேல் ஆடியது, அவர் நிமிர்ந்து பார்த்தபோது பலகை இடுக்கில் ஒரு வளையல் கை தெரிந்தது. "அட, நம்ம வடிவுல்லா!" என்று சொல்லி அவர் சிரித்த சிரிப்பு கொட்டகை முழுக்கக் கேட்டது. இருபது வருஷக் குடித்தனத்தில் இருட்டில் அவர் சிரித்து அவள் கேட்டதில்லை, அவளுக்கு உச்சி குளிர்ந்துபோயிற்று. அன்று விழுந்த பயங்களோடு அவருடையதையும் சேர்த்து, பார்க்காமலே, கோணியில் தள்ளிக் கட்டிவிட்டாள்.

மறுநாளிலிருந்து அவர் இடுப்பு பெல்ட் இல்லாமல் கம்பம் ஏறினார். கையுறையை ஆணியில் மாட்டிவிட்டுப் போனார். மேலதிகாரியான ஜே.ஈ. வந்து பார்த்துவிட்டு, "இப்பத்தான்வே நீரு லைன்மேன்" என்று முதுகில் தட்டி, மற்றவர்கள் தள்ளிவிட்ட வேலையையெல்லாம் அவர் தலையில் கட்டினார். ஆவுடையப்பன் சாப்பாட்டில் உட்கார்ந்தால் பேசினார், பாடினார், படுத்தால் விடிகிறவரை புரளாமல் தூங்கினார். ஒரு நாள் இரண்டு புருவமும் கருகிப்போய் வந்து, கண்ணாடியில் பார்த்து விழுந்து விழுந்து சிரித்தார். இன்னொரு நாள் குதிகாலில் கறுப்பாக ஒரு வட்டத்தோடு வந்தார், கரண்ட் உள்ளே புகுந்து வெளியே போன இடம் அது. அந்தக் காலைத் தன் மடியில் வைத்து மஞ்சள் தடவும்போது வடிவு முடிவெடுத்தாள்.

"ஒங்க பயத்தத் தேடி எடுத்துட்டு வாரேன். போட்டுக்கிடுங்க."

"எதுக்குட்டி? நல்லாத்தான இருக்கேன்."

"செத்துப் போவிய."

"செத்தா செத்துட்டுப் போறேன். இருவது வருசமா நான் ஒரு ராத்திரி ஒழுங்காத் தூங்கினதில்ல, தெரியுமா ஒனக்கு? இப்ப தூங்குதேன். அதக் கெடுக்கணும்னு ஏன் நிக்க?"

அவர் முகத்தில் இருந்த சந்தோஷம் பொய்யில்லை. பேச்சு ஆகாது என்று தெரிந்ததும் அவள் தொழிலைக் கையில் எடுத்தாள்; அவர் குளிக்கும் வாளியில் சிவப்புச் சாயம் கரைத்தாள், படுக்கையில் ரப்பர் பாம்பு போட்டாள், சோற்றுப் பானையைத் திறந்தால் மண்டையோடு சிரிக்கும்படி செய்தாள், கதவுக்குப் பின்னால் நின்று, கொட்டகையில் ஊரையே அலறவைத்த பேய்க் குரலில் அவர் பேரைச் சொல்லிக் கூப்பிட்டாள். "நல்லா செய்யுத வடிவு," என்று பாராட்டிவிட்டு அவர் மண்டையோட்டை எடுத்து ஓரமாக வைத்துச் சோறு போட்டுக்கொண்டார். ஆறு வருஷமாகக் கற்ற வித்தை சொந்தப் புருஷனிடம் செல்லவில்லை என்பது அவளை அழவைத்தது. அழுது முடித்ததும் மூக்கைத் துடைத்துக்கொண்டு அண்ணாச்சியிடம் போனாள்.

"ஒம்போது கோணி கெடக்கு. ஒவ்வொண்ணா போட்டுப் பாத்துத்தான் கண்டுபிடிக்கணும். காலையில வந்து பாத்துக்கிடுதேன்."

"ஏட்டி, ஆயிரத்துக்கு மேல இருக்கும். ஊரு பயம் பூராத்தையும் ஒருத்தி போட்டுப் பாக்கவா? தாங்குவியா?"

"தாங்கிக்கிடுவேன்."

"சரி, மேட்னிக்கு முன்னால முடிச்சிரு," என்றார் அண்ணாச்சி. அவர் நல்ல மனுஷர்தான், ஆனால் காட்சி என்று வந்துவிட்டால் அவருக்கு வேறு ஒன்றும் கண்ணில் படாது.

அன்றிலிருந்து காலை ஏழு மணிக்கெல்லாம் திரைக்குப் பின்னால் போய் உட்கார்ந்து, பக்கத்தில் ஒரு கடிகாரத்தை வைத்துக்கொண்டு, கோணிக்குள் கையை விட்டு எடுத்தெடுத்துத் தோளில் போட்டுப் பார்த்தாள். கதவைத் தாழ்ப்போட்டோமா என்ற பயம் வந்தது, மகன் இந்த மாதமும் கடிதம் போடமாட்டானோ என்ற பயம் வந்தது, பெரியாஸ்பத்திரி டாக்டர் காகிதத்தைப் பார்த்துவிட்டு வாயைத் திறக்கும் அந்த ஒரு நிமிஷத்தின் பயம் வந்தது, ஊரே பார்த்து நடுங்கும் ஒரு சப்-இன்ஸ்பெக்டருக்கு, யாராவது தன்னிடம் இங்கிலீஷில் பேசிவிடுவார்களோ என்று இருந்த பயம் வந்தது, தான் செத்தால் யாரும் அழமாட்டார்கள் என்ற பயம் வந்தது, அதே பயம் மறுபடி மறுபடி வேறு வேறு ஆட்களிடமிருந்து வந்தது. அக்காள் புருஷன் வீட்டுக்கு வரும் ஞாயிற்றுக்கிழமைக்குப் பயந்த ஒரு சின்னப் பெண்ணின் பயம் வந்தபோது அதைக் கழற்றி நேராகத் தன் வீட்டு வெந்நீர் அடுப்பில் போட்டாள், பிறகு அந்த வீட்டுக்கே போய்த் தாயைக் கொல்லைப் பக்கம் கூப்பிட்டுப் பேசினாள், அந்த ஆள் அதற்குப் பிறகு அந்தத் தெருவுக்குள் வரவில்லை. யாருடையது என்று அடையாளம் தெரிந்ததைத் துணியில் சுற்றி, கேட்டவர்களுக்கு மட்டும் வீட்டில் கொண்டுபோய்க் கொடுத்தாள், எதைப் பார்த்தேன் என்று ஒருவரிடமும் வாயைத் திறக்கவில்லை. இத்தனை பயத்தையும் வைத்துக்கொண்டா இவர்கள் கடைக்குப் போனார்கள், சிரித்தார்கள், சினிமாவுக்கு வந்தார்கள் என்று அவளுக்கு ஊர் மேல் திடீரென்று ஒரு பாசம் பொங்கியது.

புருஷனுடையதில் கரண்ட் இருக்கும் என்பது அவள் கணக்கு. மின்சாரத்துக்குப் பயந்த பயங்களாகப் பொறுக்கித் தனியாக வைத்தாள், பதினொன்று தேறியது. ஒன்று இஸ்திரி போடுபவருடையது, ஒன்று மோட்டார் போடும் விவசாயியுடையது, ஒன்று ரேடியோவைத் தொட்டு அடி வாங்கிய ஒரு புதுப்பெண்ணுடையது, ஒன்றில்கூட ஆவுடையப்பன் இல்லை. இரண்டு வாரம் போயிற்று. அவள் கன்னம் ஒட்டிப்போய், கண்ணுக்குக் கீழே கறுத்துவிட்டது. அண்ணாச்சியே ஒரு நாள் வந்து, போதும்ட்டி, விட்டுரு என்றார். அவள் காதில் போட்டுக்கொள்ளவில்லை.

ஒன்பதாவது கோணியின் அடியில், மற்றதை விடக் கனமாக ஒன்று கிடந்தது. தோளில் போட்டாள். அதில் கரண்ட் இல்லை, கம்பம் இல்லை, ஆவுடையப்பனே இல்லை. மத்தியான வெயிலில் கரண்ட் ஆபீஸ்காரர் ஒருவர் பஜார் வழியாக சைக்கிளை வெறி பிடித்து மிதித்துக்கொண்டு வருகிறார், கொட்டகை வாசலில் சைக்கிளைக் கீழே போடுகிறார், பெண்கள் பக்கத்து வாசலில் செண்பகவடிவு யாரிடமோ எதையோ சொல்லிச் சிரித்துக்கொண்டே டிக்கெட் கிழிக்கிறாள். வந்தவருக்கு வாயைத் திறந்தால் குரல் வரவில்லை. "என்ன அண்ணாச்சி, தரை டிக்கெட்டா?" என்று அவள் கேட்கிறாள். அவர் அவள் சேலையைப் பார்க்கிறார். சேதி வருவதற்கு முன்பே அவள் வெள்ளை உடுத்திக்கொண்டு சிரித்தபடி நிற்கிறாள். அவ்வளவுதான், மறுபடியும் முதலிலிருந்து, சைக்கிள் பஜாருக்குள் திரும்புகிறது.

தான் சாவது பற்றி அந்த மனுஷனுக்குப் பயமே இருந்ததில்லை. சைக்கிள் ஸ்டாண்டில் சோற்றை வைத்துவிட்டுத் திரும்பிப் பார்க்காமல் போனது பேய்க்குப் பயந்து இல்லை என்பது அப்போதுதான் அவளுக்குத் தெரிந்தது. ஒரு வார்த்தை சொன்னால் என்ன, சொல்லியிருந்தால் சிவப்புக் கட்டமாட்டேனா, பச்சை கட்டமாட்டேனா என்று முதலில் கோபம்தான் வந்தது, பிறகு அழுகை வந்தது, கடிகாரத்தில் ஒன்பது நிமிஷம் ஆனதும் அதைக் கழற்றி ஒரு துணிப்பைக்குள் போட்டுக்கொண்டு எழுந்தாள். வாசலில் அண்ணாச்சி, மேட்னிக்கு நேரமாயிட்டுல்லா, வேஷம் கட்டலையா என்று கேட்டார்.

"இனிமே நான் வெள்ளை உடுத்த மாட்டேன் அண்ணாச்சி. பேய்க்கு வேணும்னா உடுத்திவிடுங்க," என்று சொல்லிவிட்டு நடந்தாள்.

அரிசி ஆலை முக்கில் ஆவுடையப்பன் கம்பத்து உச்சியில் ஒரு காலைத் தொங்கவிட்டுக்கொண்டு, அறுந்து தொங்கிய வயரைச் சீட்டியடித்தபடி இழுத்துக்கொண்டிருந்தார். கையுறையும் பெல்ட்டும் கம்பத்தடியில் கிடந்தன. வேடிக்கை பார்க்க ஒரு கூட்டம் நின்றது, பயமில்லாத கூட்டம், கம்பத்தின் மேலேயே சாய்ந்து நின்று கடலை தின்றுகொண்டிருந்தது.

"கண்டுபிடிச்சிட்டேன், எறங்குங்க!"

"வேண்டாம்னு சொன்னேன்லா. கொண்டுபோய்க் கோணியில போடு."

"அதுல என்ன இருக்குன்னு பாத்துட்டேன்."

சீட்டி நின்றது. "பாத்துட்டியா," என்றார் மேலிருந்து, பிறகு, "பாத்துட்டன்னா சரி. இப்ப அது எங்கிட்ட இல்ல. எனக்கு வேண்டாம்," என்றார்.

வடிவு பையிலிருந்து அதை எடுத்தாள். "அப்ப நான் போட்டுக்கிடுதேன். பத்து நிமிசத்துல உள்ள எறங்கிரும். பொறவு இது என்னுது, ஒங்களுக்குத் திருப்பித் தர முடியாது. நீங்க ஏறுத கம்பத்துக்கெல்லாம் நான் கீழ வந்து நிப்பேன்." சொல்லிவிட்டுத் தோளில் போட்டுக்கொண்டாள். அரிசி ஆலைக் கணக்கப்பிள்ளை கூட்டத்திலிருந்து, கேட்காமலே, கைக்கடிகாரத்தைத் திருப்பி மணி பார்த்தார்.

திரைக்குப் பின்னால் போட்டபோது அது நினைப்பாகத்தான் இருந்தது, இங்கே நிமிர்ந்து பார்த்தால் அவர் நிஜமாகவே உச்சியில், ஒரு கையால் பிடித்துக்கொண்டு இருந்தார். அவளுக்குக் காதுக்குள் சைக்கிள் மணி அடித்தது, பல் ஒன்றோடொன்று இடித்தது. ஊரையே நடுங்கவைத்தவள் நடுரோட்டில் நடுங்கிக்கொண்டு நின்றாள். கழற்றி எறிந்துவிட்டு ஓடிவிடலாம் என்று கை தானாகவே தோளுக்குப் போனது, அந்தக் கையை இன்னொரு கையால் பிடித்துக்கொண்டாள்.

"நல்லா செய்யுத வடிவு!" என்று ஆவுடையப்பன் மேலிருந்து சிரித்தார். கூட்டமும் கை தட்டியது.

"அஞ்சு நிமிசம்," என்றார் கணக்கப்பிள்ளை.

ஆவுடையப்பன் மறுபடி குனிந்து பார்த்தார். அவளுடைய வித்தைகள் எல்லாம் அவருக்குத் தெரியும், இது வித்தை இல்லை. முதலில் வலது முழங்கால் வெட்டுகிறது, பிறகு இடது, பிறகு இரண்டும் சேர்ந்து, ஒன்றை அழுத்திப் பிடித்தால் இன்னொன்று பிடுங்கிக்கொண்டு ஆடுகிறது. இருபது வருஷமாக ஒவ்வொரு கம்பத்திலும் அவர் முழங்கால் ஆடிய ஆட்டம் அது. அவருக்குப் பயம்தான் போயிருந்ததே தவிர மற்றதெல்லாம் அப்படியே இருந்தது.

"வடிவு, எடுத்துப் போட்டுரு. வெளையாடாத."

மாட்டேன் என்று அவள் தலையை மட்டும் ஆட்டினாள்.

"எட்டாயிட்டு," என்றார் கணக்கப்பிள்ளை.

வயரைக் கொக்கியில் மாட்டிவிட்டு ஆவுடையப்பன் இறங்கத் தொடங்கினார். பாதிக்கு மேல் இறங்காமல் குதித்தார், குதித்த வேகத்தில் கூட்டத்தைத் தள்ளிக்கொண்டு வந்து அவள் முன்னால் நின்றார்.

"குடு."

"பயந்துட்டியளா?" என்றாள், பல் இடிக்க இடிக்க.

"எங்க பயப்பட? அதான் இல்லையே. ஆனா அது என்ன கனம்னு எனக்குத் தெரியும்ட்டி," என்று சொல்லி, அவள் தோளிலிருந்து அதை உரித்து எடுத்துத் தன் தோளில் துண்டைப் போடுவதுபோலப் போட்டுக்கொண்டார். அது மெதுவாக அவருக்குள் இறங்கும்வரை இருவரும் ஒருவர் கையை ஒருவர் பிடித்துக்கொண்டு நின்றார்கள். வடிவின் முழங்கால் நின்றது, அவருடையது ஆடத் தொடங்கியது. தான் இறங்கி வந்த கம்பத்தை அவர் அண்ணாந்து பார்த்தார், பார்த்துவிட்டு அப்படியே ரோட்டோரத்தில் உட்கார்ந்துவிட்டார். கூட்டத்தில் யாரோ, போச்சுடா, பழைய தொடைநடுங்கி வந்துட்டாரு என்று சொல்ல எல்லோரும் சிரித்தார்கள். வடிவு ஆலைக்குள் போய் ஒரு செம்பு தண்ணீர் வாங்கிவந்து கொடுத்தாள்.

வேலை பாதியில் நின்றது, ஆலைத்தெரு முழுக்கக் கரண்ட் இல்லை, ஏறித்தான் ஆக வேண்டும். ஆவுடையப்பன் எழுந்து பெல்ட்டைக் கட்டினார், கட்டியதை அவிழ்த்து மறுபடி கட்டினார், கையுறையை ஊதிப் பார்த்து ஓட்டை இருக்கிறதா என்று சோதித்துப் போட்டுக்கொண்டார், தெருக்கோடியிலிருந்த ஆபீஸுக்கு வடிவை அனுப்பி லைனை நிறுத்தியாயிற்றா என்று கேட்டுவரச் சொன்னார், அவள் கேட்டுவிட்டு வந்து ஆயிற்று என்றதும் இன்னொரு தரம் அனுப்பினார், அதற்கும் ஆயிற்று என்ற பிறகு ஒவ்வொரு படியாகத் தடவித் தடவி ஏறினார். பாதிக் கம்பத்தில் நின்று கீழே பார்த்தார். முகமெல்லாம் வேர்த்திருந்தது.

"வடிவு! லைன நிப்பாட்டியாச்சான்னு இன்னொருக்கா கேட்டுட்டு வா!"

"இப்பத்தான ரெண்டு தரம் கேட்டுட்டு வந்தேன்!"

"பரவால்ல, இன்னொருக்கா கேளு! சும்மா கேளு!"

அவள் சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு, அந்த மத்தியான வெயிலில், மூன்றாவது தரமும் கேட்டுவர ஓடினாள்.